ஒத்திகை அண்ணி

நாத்தனார் என்றால் குற்றம் கண்டுபிடிக்கவே பிறந்தவள் என்று ஊர் நினைக்கிறது. நினைத்துவிட்டுப் போகட்டும், ஊர் வாயை மூட உலைமூடியா இருக்கிறது? என் அண்ணன் மனைவியைப் பற்றி நான் சொல்லப்போவதில் குற்றமும் உண்டுதான். ஆனால் அதைச் சொல்லும் உரிமை எனக்கு மட்டும். வேறு யாராவது வாயைத் திறந்தால் கத்தரிக்கோலோடு வந்து நிற்பேன். நான் தையல்காரி, அது எப்போதும் கைவசம் இருக்கும்.

அண்ணி பாடகி. தொலைக்காட்சியில் பாடிக் காலம் தள்ளியவள். நீங்கள் அவளைப் பார்த்ததே இல்லை என்று என்னால் அடித்துச் சொல்ல முடியும். கேட்டிருக்கலாம். கேட்டிருந்தாலும் அவள்தான் என்று உங்களுக்குத் தெரிந்திருக்காது.

ஞாயிற்றுக்கிழமை மதியம் ஒரு பல்சுவை நிகழ்ச்சி நேரடியாக ஒளிபரப்பாகும். பெரிய பெரிய பாடகர்கள் வருவார்கள், நடுவில் ஒருவன் தொப்பிக்குள்ளிருந்து புறா எடுப்பான், இரண்டு பேர் வந்து பழைய ஜோக்கைப் புதிதுபோல் சொல்வார்கள், ஒரு நாய் சைக்கிள் ஓட்டும். அந்த நாய்கூடக் காலையிலேயே ஒத்திகைக்கு வந்துவிடும். பாடகர்கள் வரமாட்டார்கள். அவர்களெல்லாம் நட்சத்திரங்களாயிற்றே, பகலில் எப்படித் தெரிவார்கள்? ஆனால் வெளிச்சம் எங்கே விழ வேண்டும் என்று விளக்குக்காரருக்குத் தெரிய வேண்டும். முகம் எந்த உயரத்தில் வரும் என்று கேமராக்காரருக்குத் தெரிய வேண்டும். குரல் எங்கே ஏறும், எங்கே இறங்கும் என்று சவுண்டுக்காரருக்குத் தெரிய வேண்டும். அதற்கு ஓர் ஆள் அந்த இடத்தில் நின்று, அந்தப் பாட்டை முதலிலிருந்து கடைசிவரை பாட வேண்டும். அந்த ஆள்தான் என் அண்ணி.

தொலைக்காட்சி நிலையத்தில் அவளுக்குப் பெயரே 'ஒத்திகை' என்று ஆகிவிட்டது. "ஒத்திகையை வரச் சொல்லு", "ஒத்திகை சாப்பிட்டாச்சா?" என்றுதான் பேசுவார்கள். அவளும் திரும்பிப் பார்ப்பாள். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். "அண்ணி, உங்களுக்கு அப்பா அம்மா பேரு வெக்கலையா? ஏன் திரும்பறீங்க?" என்று கேட்டால், "விடும்மா, பேரைச் சொல்லிக் கூப்பிட்டா மட்டும் என்ன ஆரத்தியா எடுக்கப்போறாங்க" என்பாள்.

நெட்டையான பாடகி வருகிற வாரம் பலகைமேல் ஏறி நிற்பாள். குட்டையானவர் என்றால் பாட்டு முடிகிறவரை முழங்காலை மடக்கிக்கொண்டு நிற்பாள். கத்திப் பாடுகிறவர் பாட்டைக் கத்திப் பாடுவாள், மூக்கால் பாடுகிறவர் பாட்டை மூக்கால் பாடுவாள். மேலே கண்ணாடி அறையில் உட்கார்ந்திருக்கும் சவுண்டுக்காரர், "கண்ணை மூடிட்டா சாட்சாத் அவங்களேதான்!" என்று மைக்கில் சொல்வார். அண்ணி சந்தோஷப்படுவாள். இதில் சந்தோஷப்பட என்ன இருக்கிறது என்று எனக்கு இன்றுவரை புரிந்ததில்லை.

ஒத்திகை என்றால் காலையோடு முடிந்துவிடும் என்று நினைக்காதீர்கள். நட்சத்திரங்கள் எப்போதும் கடைசி நிமிஷத்தில்தான் ஒப்பனை அறையைவிட்டு வெளியே வருவார்கள். அதுவரை விளக்குக்காரர் திருகிக்கொண்டே இருப்பார். அதனால் நிகழ்ச்சி ஓடிக்கொண்டிருக்கும்போதே, விளம்பர இடைவேளையில், அண்ணி மைக்கோடு போய்த் தரையில் ஒட்டிய டேப் அடையாளத்தில் நிற்பாள். ஃப்ளோர் மேனேஜர் ஐந்து விரலைக் காட்டுவார். ஐந்து, நாலு, மூன்று. மூன்றில் நட்சத்திரம் வலது பக்கமிருந்து உள்ளே வரும், அண்ணி மைக்கை அவர் கையில் கொடுத்துவிட்டு இடது பக்கமாக, ஒட்டுப்பலகைத் தடுப்புக்குப் பின்னால், இருட்டுக்குள் போய்விடுவாள். இரண்டு, ஒன்று. கேமராவின் தலையில் சிவப்பு விளக்கு எரியும்போது அங்கே நட்சத்திரம் சிரித்துக்கொண்டு நிற்கும். ஒருமுறைகூட அவள் நிழல் திரையில் விழுந்ததில்லை. அவ்வளவு கச்சிதம்.

இளவயதில் ஒரு பாட்டுப் போட்டியில் பரிசு வாங்கியவள். அப்போதுதான் நிகழ்ச்சியின் தயாரிப்பாளர், "ஒத்திகைக்கு வந்துட்டுப் போம்மா, அப்படியே ஒரு நாள் மேடையேத்திடலாம்" என்றார். அப்படியே ஒரு நாள்! அந்த மூன்று வார்த்தையை நம்பிக் கல்யாணமும் செய்துகொண்டாள், பிள்ளையும் பெற்றாள். இலவு காத்த கிளியாவது ஒரு பருவத்தோடு விட்டுவிட்டுப் பறந்துபோகும். இவள் போகவில்லை. உடுப்பு அறையில் தைக்க ஆள் தேவைப்பட்டபோது என்னையும் சிபாரிசு செய்து சேர்த்துவிட்டாள். ஆகவே நான் சொல்வதெல்லாம் கண்ணால் பார்த்தது.

இத்தனைக்கும் அண்ணி ஆசைப்பட்டது ஒன்றே ஒன்று. ஒரு முழுப் பாட்டு, தன் முகத்தோடு, தன் குரலில். அதுவும் தனக்காக இல்லை, மகளுக்காக.

அந்தக் கதையையும் சொல்ல வேண்டும். அண்ணியின் மகள், அதாவது என் மருமகள், பள்ளிக்கூடத்தில் சின்ன வகுப்பில் படிக்கும்போது, "எங்கம்மா டி.வி.ல பாடுறாங்க" என்று சொல்லிவிட்டாள். பொய்யா? இல்லையே. ஞாயிற்றுக்கிழமை வகுப்பே உட்கார்ந்து பார்த்திருக்கிறது. புறா வந்தது, நாய் வந்தது, அவள் அம்மா வரவில்லை. அடுத்த ஞாயிறும் வரவில்லை. அவ்வளவுதான், பிள்ளைக்குப் 'புளுகுமூட்டை' என்று பெயர் வைத்துவிட்டார்கள். பென்சில் காணாமல் போனால் புளுகுமூட்டை எடுத்திருக்கும். வயிற்றுவலி என்று சொன்னால் புளுகுமூட்டை நடிக்கிறது. டீச்சர்கூட ஒருநாள் சிரித்துக்கொண்டே அந்தப் பெயரைச் சொன்னாராம். வாயாடிக்கொண்டிருந்த குழந்தை, எதைச் சொல்வதற்கு முன்னாலும் ஒருமுறை யோசிக்க ஆரம்பித்துவிட்டது. வளர்ந்து பெரிய வகுப்புக்குப் போன பிறகும் அந்தப் பெயர் போகவில்லை.

"ஒரு நாள் பாடுவேன் கண்ணு. எல்லாரையும் கூப்பிட்டு உட்கார வெச்சுப் பாரு" என்று அண்ணி சொல்லியிருந்தாள். நல்லதா கெட்டதா, அந்த ஒரு நாள் வந்தது.

அன்றைக்குப் பாட வேண்டிய பாடகி பெரிய ஆள். நிகழ்ச்சி பாதி ஓடிவிட்டது, அவரைக் காணோம். கடைசியில் அவருடைய உதவியாளர் போன் செய்து, அம்மாவுக்குத் தொண்டை வீங்கிவிட்டது, பேச்சே வரவில்லை என்று சொன்னார். தயாரிப்பாளர் உடுப்பு அறை வாசலில் வந்து நின்றார். முகம் பேயறைந்த மாதிரி இருந்தது. அண்ணி என் பக்கத்தில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தாள்.

"ஒத்திகை, நீயே பாடிடு."

"எதை சார்?"

"காலைல பாடினியே, அதைத்தான். முடிஞ்சதும் தொகுப்பாளர் உன்னை முன்னால கூப்பிட்டுப் பேரு ஊரெல்லாம் கேட்பார். சொல்லு. சீக்கிரம் ரெடியாகு."

அண்ணி டீ கிளாசைக் கீழே வைக்காமல் கையிலேயே பிடித்துக்கொண்டு நின்றாள். நான்தான் பிடுங்கி வைத்தேன். "போங்க அண்ணி, முதல்ல வீட்டுக்கு போன் போடுங்க!" என்று தள்ளினேன். மேஜைமேல் இருந்த போனில் மகளிடம் அவள் பேசியது எனக்குக் கேட்டது. "கண்ணு, இன்னிக்குத்தான். ஆமா, முகம் தெரியும். முழுப் பாட்டு. கூப்பிடு, எல்லாரையும் கூப்பிடு." போனை வைத்துவிட்டு அழுதாள். "மை கரைஞ்சு வழிஞ்சா மூஞ்சி பூச்சாண்டி மாதிரி இருக்கும், அழுகையை நிறுத்துங்க" என்று அதட்டினேன்.

அந்தப் பாடகிக்கென்று தைத்து வைத்திருந்த நீல உடையை அண்ணிக்கு மாட்டி, முதுகுப் பக்கம் முழுக்க ஊசி குத்தி இறுக்கினேன். முன்பக்கம் ராணி, பின்பக்கம் முள்ளம்பன்றி. அரங்குக்குக் கூட்டிக்கொண்டு போனதும் விளக்குக்காரர் ஓடி வந்து கேட்டார்.

"ஒத்திகை, உனக்கு எப்படி வெளிச்சம் வேணும்? சொல்லு, மாத்திடறேன்."

இத்தனை வருடத்தில் அந்தக் கேள்வியை யாரும் அவளிடம் கேட்டதில்லை. மேலே தொங்கிய விளக்குகளை அண்ணாந்து பார்த்தாள். "அவங்களுக்கு வெச்ச மாதிரியே இருக்கட்டுமே" என்றாள். சவுண்டுக்காரர் மேலேயிருந்து, "யாரு மாதிரி பாடப் போற? அவங்க மாதிரியா?" என்று கேட்டார். அதற்கு மட்டும் யோசிக்காமல் பதில் சொன்னாள்.

"என்னை மாதிரி சார்."

அது வாத்தியம் எதுவும் இல்லாமல் வெறும் குரலில் தொடங்கும் பாட்டு. முதல் இரண்டு வரி தனிக்குரல், அப்புறம்தான் வயலின்கள் சேரும். விளம்பரம் ஓடிக்கொண்டிருந்தது. அண்ணி மைக்கோடு போய் அடையாளத்தில் நின்றாள். நான் வலது பக்கம், கேமராக்களுக்குப் பின்னால், கையில் மிச்ச ஊசிகளோடு நின்றேன். வெளிச்சம் அவள்மேல் விழுந்தது. அழகாக இருந்தாள். நாத்தனார் வாயால் சொல்கிறேன், அவ்வளவு அழகாக இருந்தாள்.

ஃப்ளோர் மேனேஜர் விரலை உயர்த்தினார். ஐந்து. நாலு. மூன்று.

மூன்றில் அண்ணி இடது பக்கமாக நகர்ந்து இருட்டுக்குள் போய்விட்டாள்.

யாரும் தள்ளவில்லை, யாரும் கூப்பிடவில்லை. பயந்துபோய் ஓடவும் இல்லை. மெதுவாக, கச்சிதமாக, ஞாயிறுதோறும் போகிற மாதிரியே போனாள். வாங்கிக்கொள்ள ஆள் இல்லாததால் மைக் மட்டும் கையிலேயே இருந்தது. கால் பழகிய பழக்கம் அப்படி. இரண்டு, ஒன்று. சிவப்பு விளக்கு எரிந்தது. கேமராவுக்கு முன்னால் வெறும் வெளிச்சம், ஒரு ஈ காக்காய் இல்லை. சிவப்பு விளக்கு எரிந்ததும் பாட வேண்டும் என்பதை மட்டும் தொண்டை மறக்கவில்லை. தடுப்புக்குப் பின்னால் நின்றபடியே அவள் பாட ஆரம்பித்தாள்.

முதல் வரியின் பாதியில் அவளுக்கே உறைத்தது. தடுப்பின் ஓரத்தில் தலையை நீட்டி அந்த வெற்று வெளிச்சத்தைப் பார்த்தாள். அந்த முகத்தை நான் சாகிறவரை மறக்க மாட்டேன். பாட்டை நிறுத்தாமலே ஒரு அடி முன்னால் வைத்தாள். அதற்குள் மேலே கன்ட்ரோல் ரூமில் தயாரிப்பாளர் வயலின்காரர்களைக் காட்டச் சொல்லி, பிறகு அந்தப் பெரிய பாடகியின் புகைப்படம் ஒன்றைத் திரையில் போடச் சொல்லிவிட்டார். ஃப்ளோர் மேனேஜரின் காதில் உத்தரவு வந்தது. அவர் இரண்டு கையையும் அண்ணியைப் பார்த்து விரித்தார். அங்கேயே நில், வராதே, பாடு.

நின்றாள். பாடினாள். எனக்கும் அவளுக்கும் நடுவே மூன்று கேமராவும் ஒரு ஒளிபரப்பும் இருந்தன. எல்லாவற்றையும் உதைத்துத் தள்ளிவிட்டுப் போய் அவளை இழுத்துக்கொண்டு வந்து நிறுத்த வேண்டும் போலிருந்தது. பக்கத்தில் தொங்கிய டி.வி. பெட்டியில் அந்தப் பாடகி கன்னத்தில் கை வைத்துச் சிரித்துக்கொண்டிருந்தார். அண்ணியின் குரல் அந்தச் சிரிப்புக்கு அடியில் ஓடிக்கொண்டிருந்தது. அதுபோல் அவள் என்றைக்கும் பாடியதில்லை. ஒருவர் குரலும் கலக்காத குரல். வயலின்காரர் ஒருவர் வாசித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தார். என்ன துடைத்து என்ன? கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை.

பாட்டு முடிந்ததும் தொகுப்பாளர் காதில் சொன்னதை அப்படியே ஒப்பித்தார். உடல்நலக் குறைவால் நேரில் வர முடியாத நம் அன்புப் பாடகி, ரசிகர்களுக்காகவே பதிவு செய்து அனுப்பிய பாடலாம்! அடப்பாவி, கூசாமல் சொன்னான். இருட்டில் நின்றவளைப் பார்க்காத கூட்டத்தின் கைதட்டல் கூரையைப் பிளந்தது.

அதற்குப் பிறகு நிலையத்தில் நடந்ததை முதலில் சொல்லிவிடுகிறேன். அன்றைக்கு வீட்டில் நடந்ததைச் சொல்ல எனக்கு இப்போதுகூட மனசு வரவில்லை.

தயாரிப்பாளர் முதலில் அண்ணியைக் கிழிகிழியென்று கிழிக்கத்தான் கீழே இறங்கி வந்தார். வருவதற்குள் பாட்டைப் பாராட்டிப் போன்கள் வர ஆரம்பித்துவிட்டன. மனுஷன் முகம் மாறிவிட்டது. "எதுக்கும்மா அழற? தப்பு நடந்தாலும் நல்லதா முடிஞ்சுதே" என்றார். ஒரு பத்திரிகையில், அந்தப் பாடகியின் குரலில் இதுவரை இல்லாத ஓர் ஈரம் வந்திருக்கிறது என்று எழுதினார்கள். தொண்டை வீங்கியதால் வந்த ஈரம் என்று நினைத்துக்கொண்டார்களோ என்னவோ. அந்தப் பாடகியும் அது தன் குரல் இல்லை என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. உதவியாளர் மூலம் அண்ணிக்கு 'தேங்க்ஸ்' சொல்லி அனுப்பினார்.

அதுவே வழக்கமாகிவிட்டது. யாருக்காவது தொண்டை கட்டினால், பயணம் தாமதமானால், ஒரு போட்டோவைப் போடு, ஒத்திகையைத் தடுப்புக்குப் பின்னால் நிறுத்து. கறிவேப்பிலைகூட ஒருமுறைதான் வதங்கும், பிறகு தூக்கிப் போட்டுவிடுவார்கள். "முடியாதுன்னு சொல்லுங்க அண்ணி" என்று நான் தலையில் அடித்துக்கொண்டேன். "சரிங்க சார்" என்பதைத் தவிர வேறு எதுவும் அவள் வாயில் வரவில்லை. "முன்னால நிக்கச் சொன்னாங்க, நான் நின்னேனா? எந்த மூஞ்சியை வெச்சுக்கிட்டுப் போய்க் கேட்கறது?" என்றாள். பிறகு நிகழ்ச்சியையே மூடிவிட்டார்கள். புது நிகழ்ச்சியில் பாட்டு முன்கூட்டியே பதிவாகி வருகிறது, விளக்குகள் தானாகத் திரும்புகின்றன, ஒத்திகைக்கு ஆளே வேண்டாம். அண்ணியைப் பார்வையாளர்களை வரிசையாக உட்கார வைத்து, எப்போது கைதட்ட வேண்டும் என்று சைகை காட்டும் வேலைக்குப் போட்டார்கள். அந்த வேலையையும் கச்சிதமாகச் செய்கிறாள்.

சரி, அந்த ஞாயிற்றுக்கிழமைக்கு வருகிறேன்.

சாயங்காலம் நாங்கள் இருவரும் வீட்டுப் படி ஏறியபோதே கதவு திறந்திருந்தது. கூடம் நிறைய நாற்காலிகள். மாடியில் இருக்கிற அத்தனை வீட்டிலிருந்தும் வாங்கிப் போட்டிருந்தாள் பிள்ளை. முன்வரிசையில் வகுப்புப் பெண்களுக்காகத் தலையணைகள் கிடந்தன. பெண்கள் போய்விட்டிருந்தார்கள். என் அண்ணன் ஒரு வாயில்லாப் பூச்சி, மூலையில் உட்கார்ந்து அணைத்த டி.வி.யைப் பார்த்துக்கொண்டிருந்தான். பக்கத்து வீட்டம்மா மட்டும் தன் நாற்காலிகளை எடுத்துக்கொண்டு போக நின்றார்.

"பரவால்லம்மா, வருத்தப்படாதே. அடுத்த தடவை கொடுப்பாங்க" என்றார் அண்ணியிடம்.

எனக்கு வந்ததே கோபம்! "அடுத்த தடவையா? இன்னிக்குப் பாடினதே இவங்கதாங்க! மூஞ்சி மட்டும்தான் வேற. நான் அங்கேயே நின்னு பார்த்தேன்!"

அந்தம்மா என்னைப் பரிதாபமாகப் பார்த்தார். "எனக்கும் அப்படித்தான் தோணுச்சு. சுவரு வழியா தினமும் கேட்கற குரலாச்சே. இது உங்கம்மா குரல் மாதிரி இருக்கே பாப்பான்னு நானே கேட்டேன். இவதான் இல்லவே இல்லைன்னு அடிச்சுச் சொன்னா. எல்லார் முன்னாடியும் சொன்னா. பெத்த பொண்ணுக்குத் தெரியாதா என்ன?"

அவர் நாற்காலிகளோடு போனார். பிள்ளை குனிந்து தலையணைகளை அடுக்கிக்கொண்டிருந்தாள். அண்ணி, முதுகில் ஊசி குத்திய சிவப்புப் புள்ளிகளோடு, தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

"உனக்கு அம்மா குரல் தெரியலையா கண்ணு?"

"முதல் வரிலயே தெரிஞ்சுதும்மா."

"அப்புறம் ஏன் இல்லைன்னே?"

"அங்க வேற ஒருத்தங்க படம் இருந்துச்சும்மா. எல்லாரும் என்னையே பாத்தாங்க. ஆமான்னு சொன்னா யார் நம்புவாங்க? மறுபடியும் புளுகுமூட்டைம்பாங்க. அதான் இல்லைன்னுட்டேன்."

குழந்தை முதல்முறையாக ஒரு பொய் சொல்லியிருக்கிறது. அந்தப் பொய்யைத்தான் எல்லாரும் நம்பியிருக்கிறார்கள். அண்ணி அவள் தலையைத் தடவினாள். "நீ சொன்னதுல தப்பே இல்ல" என்றாள். அப்போதுதான் பிள்ளை அழ ஆரம்பித்தாள்.

"அம்மா, ஒண்ணு சொன்னா கோவிச்சுக்க மாட்டியே?"

"சொல்லு கண்ணு."

"இனிமே வீட்டுல பாடாதம்மா. பக்கத்து வீட்டுக்குக் கேட்குது. அந்தக் குரல்தான் இந்தக் குரல்னு அவங்க கண்டுபிடிச்சுட்டா, நான் சொன்னது பொய்னு எல்லாருக்கும் தெரிஞ்சுடும்."

நான் வாயைத் திறந்தேன். அண்ணி கையைக் காட்டி என்னை நிறுத்தினாள்.

"சரி கண்ணு, பாடல" என்றாள்.